தலைக்கணக்கும் தூரக்கணக்கும்: வன்னியில் சுகாதார சேவை வீடு வந்து சேரும் வழி

முல்லைத்தீவு மாவட்டத்தின் பரப்பு 2,600 சதுர கிலோமீற்றருக்குச் சற்று மேல். 2012 குடிசன மதிப்பீட்டின்போது அங்கே வாழ்ந்தவர்கள் 92,000 பேர் வரை. யாழ்ப்பாண மாவட்டத்தின் பரப்பு 1,025 சதுர கிலோமீற்றர்தான்; மக்கள் 583,000க்கு மேல். நாட்டில் பொதுவாக 3,000 பேருக்கு ஒரு குடும்பநல உத்தியோகத்தர் (வீடு வீடாகப் போய்த் தாயையும் பிள்ளையையும் பார்க்கும் மருத்துவமாது) என்று ஆளணி போடுகிறார்கள். அந்த 3,000 பேர் யாழ்ப்பாணத்தில் சராசரியாக ஐந்து, ஆறு சதுர கிலோமீற்றருக்குள் இருப்பார்கள்; சைக்கிளில் சுற்றி வந்துவிடலாம். முல்லைத்தீவில் அதே 3,000 பேருக்கு 80 சதுர கிலோமீற்றருக்கு மேல் வேண்டும். அதில் பெரும்பகுதி காடு, குளம், வயல். மக்கள் அங்குமிங்கும் குடியேற்றம் குடியேற்றமாக இருக்கிறார்கள். ஒரு குடியேற்றத்திலிருந்து அடுத்ததற்குப் போகும் வழியில் வீடே இராது. பின்னேரம் ஐந்து மணிக்குப் பிறகு யானை இருக்கலாம்.

வன்னியின் சுகாதார சேவை பற்றிப் பேசும் எவரும் முதலில் இந்தக் கணக்கைப் பார்க்க வேண்டும். ஆளணி தலைக்கணக்கில் வருகிறது; வேலை தூரக்கணக்கில் நடக்கிறது. இங்கே ஏற்படும் குறைகளில் பாதிக்கு மேல் இந்த இரண்டுக்கும் இடையிலுள்ள இடைவெளியிலிருந்தே பிறக்கின்றன.

யார் எதற்குப் பொறுப்பு

1987ஆம் ஆண்டின் அரசியலமைப்பு 13ஆவது திருத்தத்தோடு சுகாதாரத்தின் பெரும்பகுதி மாகாணங்களிடம் வந்தது. வடக்கில் மாகாண சுகாதார சேவைகள் பணிப்பாளருக்குக் கீழ் மாவட்டத்துக்கு ஒருவராக ஐந்து பிராந்திய சுகாதார சேவைகள் பணிப்பாளர்கள். வவுனியா, மன்னார், முல்லைத்தீவு, கிளிநொச்சி ஆகிய நான்கு பணிமனைகளும் வன்னிக்கு உரியவை. தடுப்பூசி, முக்கியமான மருந்துகளின் கொள்வனவு, நோய்க் கண்காணிப்பு விதிகள், வைத்தியர் நியமனம் போன்றவை கொழும்பிலிருந்தே வருகின்றன. அதனால் பிராந்தியப் பணிப்பாளர் தன் கையில் முழுமையாக இல்லாத வளங்களை வைத்துக்கொண்டு, முழுமையாகத் தன் தலையில் இருக்கும் பொறுப்பைச் சுமக்கிறார்.

அந்தப் பணிமனைக்குக் கீழ் இரண்டு கிளைகள். ஒன்று சிகிச்சை: பிரதேச வைத்தியசாலைகளும், வார்டு இல்லாமல் வெளிநோயாளரை மட்டும் பார்க்கும் ஆரம்ப மருத்துவப் பராமரிப்புப் பிரிவுகளும். மாவட்டப் பொது வைத்தியசாலைக்குத் தனிப் பணிப்பாளர் இருப்பார். மற்றது தடுப்பு: சுகாதார வைத்திய அதிகாரி பணிமனைகள். 1926இல் களுத்துறையில் தொடங்கிய சுகாதாரப் பிரிவு முறைதான் இது. பெரும்பாலும் ஒரு பிரதேச செயலர் பிரிவுக்கு ஒரு பணிமனை. அங்கே வைத்திய அதிகாரி, பொதுச் சுகாதாரத் தாதிய சகோதரி, பொதுச் சுகாதாரப் பரிசோதகர்கள், அவர்களுக்கும் குடும்பநல உத்தியோகத்தர்களுக்கும் மேற்பார்வையாளர்கள், பற்சிகிச்சையாளர் ஆகியோர் இருக்க வேண்டும். அத்தனை கதிரையிலும் ஆள் இருக்கும் பணிமனை வன்னியில் அரிது.

இந்த அமைப்பு வன்னியில் ஒருமுறை அடியோடு கலைந்து மீண்டும் கட்டப்பட்டது என்பதையும் மறக்கக் கூடாது. 2008, 2009இல் கிளிநொச்சி வைத்தியசாலை மக்களோடு சேர்ந்தே தருமபுரம், உடையார்கட்டு, புதுக்குடியிருப்பு, புதுமாத்தளன், முள்ளிவாய்க்கால் என்று இடம்பெயர்ந்தது. கட்டடங்களோடு பதிவேடுகளும் போயின. மெனிக் பாம் இடம்பெயர்ந்தோர் முகாமிலிருந்து மக்கள் மீளக் குடியமர்ந்தபோது குடும்பநல உத்தியோகத்தர்கள் வீடு வீடாகப் போய், எந்தப் பிள்ளைக்கு எந்த ஊசி போட்டாயிற்று என்பதைத் தாயின் ஞாபகத்திலிருந்தும் கையில் எஞ்சியிருந்த அட்டைகளிலிருந்தும் மறுபடி எழுதினார்கள்.

ஒரு தாயின் கொப்பி

குடும்பநல உத்தியோகத்தரின் வேலை தகுதியான தம்பதியர் பதிவேட்டில் தொடங்குகிறது. தன் பிரிவில் புதிதாகத் திருமணமானவர், பிள்ளை பெறும் வயதில் உள்ளவர், வெளியூரிலிருந்து வந்து குடியேறியவர் எல்லோரும் அதில் இருக்க வேண்டும். கர்ப்பம் தங்கியதும் எட்டு வாரத்துக்குள் பதிய வேண்டும் என்பது இலக்கு. இந்த எட்டு வாரத்துக்குத் தெளிவான காரணம் இருக்கிறது. போலிக் அமிலம் பிள்ளையின் முள்ளந்தண்டு உருவாகும் காலத்தில் வேண்டும். அது முதல் சில வாரங்களிலேயே முடிந்துவிடும். இருதய நோய், சலரோகம், உயர் குருதியமுக்கம் உள்ள பெண்ணை முன்கூட்டியே வைத்திய நிபுணரிடம் அனுப்பவும் காலம் வேண்டும்.

பதிந்ததும் இரத்த வகை, ஈமோகுளோபின், சீனி, சிபிலிஸ், எச்.ஐ.வி. சோதனைகள். 24ஆம் வாரத்துக்கும் 28ஆம் வாரத்துக்கும் இடையில் குளுக்கோஸ் குடிக்கக் கொடுத்து மறுபடி சீனிச் சோதனை. முதல் மூன்று மாதம் கழிந்ததும் பூச்சிக் குளிசை, இரும்புச்சத்து, விற்றமின் சி, கல்சியம். மாதம் 750 கிராம் பைகள் இரண்டாகத் திரிபோஷா என்ற போஷாக்கு மா.

குளிசை கொடுப்பதோடு வேலை முடிவதில்லை. வன்னியில் கர்ப்பவதிகளின் இரத்தசோகை குறையாமல் இழுபடுவதற்குக் குளிசை போதாமையைவிட, அதை விழுங்கும் முறைதான் பல வேளைகளில் காரணம். இரும்புக் குளிசையை பிளேன் ரீயோடு விழுங்கினால் தேயிலைச் சாயம் அந்த இரும்பை உடம்பில் சேரவிடாது. கல்சியத்தையும் இரும்பையும் ஒன்றாக விழுங்கினாலும் அதே கதைதான். காலைச் சாப்பாட்டோடு கல்சியம், இரவில் படுக்கப்போக முன் வெறும் தண்ணீரோடு இரும்பும் விற்றமின் சியும் என்று பிரித்தால் வயிற்றுப் பிரட்டலும் குறையும். இதைக் கிளினிக்கில் நாற்பது பேருக்கு நடுவில் ஒரு நிமிடத்தில் சொன்னால் விளங்காது. வீட்டு அடுப்படியில், குளிசைப் பையைக் கையில் எடுத்து, எத்தனை மிச்சம் என்று எண்ணிப் பார்த்துச் சொன்னால் விளங்கும். திரிபோஷாவும் அப்படித்தான். வீட்டில் மூன்று பிள்ளைகள் இருந்தால் தாய்க்கு வந்த பை மூன்று நாளில் முடிந்துவிடும். அதைத் தாயின் தவறு என்று எழுதிவிட்டுப் போகக் கூடாது. அந்த வீட்டில் பசி இருக்கிறது என்பதற்கு அது சாட்சி.

பிள்ளை பிறந்த பிறகு முதல் ஐந்து நாளுக்குள் ஒருமுறை, ஆறாம் நாளுக்கும் பத்தாம் நாளுக்கும் இடையில் இன்னொருமுறை, 14இலிருந்து 21ஆம் நாளுக்குள் மூன்றாம்முறை, 42ஆம் நாளளவில் நான்காம்முறை என்று வீட்டுக்கு வர வேண்டும். பிரசவத்துக்குப் பிறகு வரும் காய்ச்சல், அதிக இரத்தப்போக்கு, தையல் பழுப்பது, மார்பு கட்டுவது, பிள்ளை மஞ்சளாவது எல்லாம் பெரும்பாலும் முதல் பத்து நாளுக்குள் தலைகாட்டும். ஒரு உத்தியோகத்தர் பக்கத்துப் பிரிவுக்கும் பதில் கடமை பார்க்கும்போது முதலில் அடிபடுவது இந்தப் பத்து நாளுக்குள் வரும் முதல் இரண்டு தரிசிப்புகள்தான். கிளினிக் நடந்துகொண்டிருக்கும், அறிக்கை போய்க்கொண்டிருக்கும், மேலிருந்து பார்த்தால் எல்லாம் ஒழுங்கு போலத் தெரியும். ஆறாம் நாளில் காய்ச்சலோடு படுத்திருக்கும் தாயை மட்டும் யாரும் பார்த்திருக்க மாட்டார்கள்.

இன்னொரு சிக்கல், முதல் பிள்ளைக்குப் பல பெண்கள் தாய்வீட்டுக்குப் போவது. மல்லாவியில் பதிந்தவர் ஏழாம் மாதத்தில் செட்டிகுளத்துக்குப் போய்விடுவார். கிளினிக் கொப்பியின் ஒரு பிரதி தாயிடம், மற்றது உத்தியோகத்தரிடம். தாய் தன் பிரதியைக் கொண்டுபோய்ப் புது இடத்து உத்தியோகத்தரிடம் காட்டினால் தொடர்ச்சி அறாது. “மிஸ், கொப்பி வீட்டில விட்டிட்டன்” என்றால் குருதியமுக்கம் எப்போது ஏறத் தொடங்கியது என்பது தெரியாமல் போகும். பிரயாணத்துக்குப் பை கட்டும்போது முதலில் வைக்க வேண்டியது அந்தக் கொப்பி.

ஐஸ் பெட்டியின் காலைப்பொழுது

தடுப்பூசி அட்டவணை நாடு முழுவதற்கும் ஒன்றுதான். பிறந்ததும் காசநோய்க்கு எதிரான பி.சி.ஜி.; இரண்டு, நான்கு, ஆறாம் மாதங்களில் ஐந்து நோய்களைத் தடுக்கும் ஐங்கூட்டு ஊசியும் போலியோ சொட்டும்; ஒன்பதாம் மாதத்திலும் மூன்று வயதிலும் சின்னமுத்து, கூகைக்கட்டு, ருபெல்லாவுக்கு எதிரான எம்.எம்.ஆர்.; ஒரு வயதில் ஜப்பானிய மூளைக்காய்ச்சல் ஊசி; பதினெட்டாம் மாதமும் ஐந்து வயதும் ஊக்கி. வேறுபாடு இருப்பது, அந்தக் குப்பி கிராமத்துக்குப் போய்ச்சேரும் வழியில்.

பணிமனைக் குளிரூட்டியில் வெப்பநிலை 2 பாகைக்கும் 8 பாகைக்கும் இடையில் நிற்க வேண்டும். காலையிலும் மாலையிலும் பார்த்து எழுத வேண்டும். சித்திரை வெயிலில் ஊசி மருந்து சூடாகிவிடும் என்றுதான் எல்லோரும் பயப்படுவார்கள். உண்மையில் அதே அளவுக்குப் பயப்பட வேண்டியது உறைவதற்கு. ஐங்கூட்டு ஊசியும் ஏற்பு (டெட்டனஸ்) ஊசியும் ஒருமுறை உறைந்தால் கெட்டுவிட்டன. மறுபடி உருகிய பிறகு பார்வைக்கு வித்தியாசம் தெரியாது. குலுக்கிவிட்டு வைத்தால் மட்டும் அடியில் விரைவாக மண்டி படியும். தூரப் பிரயாணம் என்று பயந்து, உறைபெட்டியிலிருந்து எடுத்த ஐஸ் பொதியைக் கல்லுப்போல அப்படியே பெட்டிக்குள் அடுக்குவதுதான் வழக்கமான தவறு. ஐஸ் பொதிகளை வெளியே மேசையில் பரப்பி வைத்து, மேலே வியர்வை துளிர்த்து, காதருகில் குலுக்கினால் உள்ளே தண்ணீர் அசையும் சத்தம் கேட்கும்வரை பொறுக்க வேண்டும். கோடையில் அது விரைவில் நடக்கும்; மார்கழிக் காலையில் கூடுதல் நேரம் எடுக்கும். எட்டு மணிக்குப் புறப்பட வேண்டியவர் அதற்கு முன்பே வந்து ஐஸ் பொதியை வெளியே எடுத்து வைத்திருக்க வேண்டும்.

எம்.எம்.ஆர். தூள் மருந்தைக் கரைத்தால் ஆறு மணித்தியாலத்துக்குள் முடிக்க வேண்டும். மிச்சத்தைக் கொட்ட வேண்டும். ஒரு குப்பியில் பல பிள்ளைகளுக்கு மருந்து இருக்கும்போது, ஒரேயொரு பிள்ளையோடு ஒரு தாய் வந்தால் குப்பியைத் திறப்பதா? திறக்கத்தான் வேண்டும். வீண் போகும் மருந்தின் விலையைவிட, பன்னிரண்டு கிலோமீற்றர் வந்த தாயைத் திருப்பி அனுப்புவதன் விலை பெரிது. அவர் அடுத்த மாதம் வருவாரா என்பது நிச்சயமில்லை. வயலில் நாட்கூலி வேலை கிடைக்கும் நாளாக இருந்தால் வரமாட்டார்.

கிராமக் கிளினிக்குகள் பெரும்பாலும் பொதுநோக்கு மண்டபத்திலோ முன்பள்ளியிலோ, மாதத்தின் குறித்த ஒரு கிழமையில் நடக்கும். அந்த நாள் போயா தினமாகிவிட்டால் மாற்றுநாள் அறிவிக்க வேண்டும். தொலைபேசிக் குழுவில் போட்டுவிட்டோம் என்று இருந்துவிடுகிறார்கள். அலைவரிசை எடுக்காத குடியேற்றங்களுக்கு அந்தச் செய்தி போகாது. கடையிலும் கோயில் வாசலிலும் ஒட்டும் ஒரு துண்டுக் கடதாசிக்கு இன்னும் வேலை இருக்கிறது. ஊசி போட்ட பிறகு பிள்ளையை 20 முதல் 30 நிமிடம் அங்கேயே வைத்திருக்கச் சொல்வதும் சடங்கல்ல. கடும் ஒவ்வாமை வந்தால் பெரும்பாலும் அந்த நேரத்துக்குள்தான் வரும். அதற்கான அட்ரினலின் அந்த மண்டபத்தில்தான் இருக்கிறது, பஸ்ஸில் இல்லை.

பாடசாலை மருத்துவப் பரிசோதனையில் வன்னிக்குச் சாதகமான ஒரு விதி உண்டு. 200க்கு மேல் மாணவர் உள்ள பாடசாலையில் 1, 4, 7, 10ஆம் வகுப்புகளை மட்டும் பார்ப்பார்கள். அதற்குக் குறைந்தால் எல்லாப் பிள்ளைகளையும். இங்குள்ள சிறு பாடசாலைகள் பலவற்றில் ஒரு பிள்ளையும் விடுபடாமல் பார்க்க அது இடம் தருகிறது.

காய்ச்சலும் ஒரு கடதாசியும்

வைத்தியசாலையில் ஒருவருக்கு டெங்கு, எலிக்காய்ச்சல் போன்ற அறிவிக்க வேண்டிய நோய் இருக்கலாம் என்று சந்தேகம் வந்தாலே எச் 544 படிவம் நிரப்ப வேண்டும். ஆய்வுகூட முடிவுக்குக் காத்திருக்கத் தேவையில்லை. படிவம் நோயாளி வாழும் பகுதியின் சுகாதார வைத்திய அதிகாரிக்குப் போகும். பொதுச் சுகாதாரப் பரிசோதகர் வீட்டுக்குப் போய் விசாரித்து எச் 411இல் எழுதுவார். வெள்ளிக்கிழமையோடு முடியும் வாரத்துக்கான தொகுப்பு எச் 399 ஆகக் கொழும்பின் தொற்றுநோயியல் பிரிவுக்குப் போகும். நோய் எங்கே கூடுகிறது என்று நாடு அறிந்துகொள்வது இந்த வழியில்தான்.

இந்தச் சங்கிலி அறும் இடம் பெரும்பாலும் முகவரி. கணேசபுரம் என்று மட்டும் எழுதினால் அது கிளிநொச்சியிலும் இருக்கிறது, வவுனியாவிலும் இருக்கிறது. புரம், நகர், குடியிருப்பு என்று முடியும் குடியேற்றப் பெயர்கள் வன்னி முழுவதும் திரும்பத் திரும்ப வருகின்றன. வைத்தியசாலைக்குக் கிட்ட இருக்கும் உறவினர் வீட்டு விலாசத்தைக் கொடுப்பவர்களும் உண்டு. பரிசோதகர் அந்த வீட்டுக்குப் போனால், “அவை இஞ்ச இல்லை, ஒட்டுசுட்டானில” என்பார்கள். படிவம் அடுத்த பணிமனைக்குப் போய்ச்சேருவதற்குள் வாய்க்கால் கரையில் இன்னும் மூன்று பேருக்குக் காய்ச்சல். வார்டில் அனுமதிக்கும்போது கிராம அலுவலர் பிரிவின் பெயரையும் ஒரு தொலைபேசி இலக்கத்தையும் கேட்டு எழுதினாலே இதில் பெரும்பகுதி தீரும்.

எலிக்காய்ச்சல் வன்னியில் வயலோடு கட்டப்பட்ட நோய். எலி, மாடு, நாய் ஆகியவற்றின் சிறுநீரோடு கிருமி தேங்கிய நீரில் கலந்து, காலிலுள்ள கீறல் வெடிப்பு வழியே உடம்புக்குள் போகும். கடும் காய்ச்சல், கெண்டைக்கால் தசை நோ, கண் சிவப்பு, சிறுநீர் குறைதல். சிறுநீரகமும் நுரையீரலும் பழுதானால் உயிர் போகும். தடுப்புக்கு வாரம் ஒருமுறை 200 மில்லிகிராம் டொக்சிசைக்கிளின். அதாவது 100 மில்லிகிராம் குளிசை இரண்டு. வயலில் இறங்குவதற்கு ஒரு வாரம் முன்னரே தொடங்கி, வேலை முடியும்வரை எடுக்க வேண்டும். பரிசோதகரிடம் பெயர் பதிந்தால் இலவசம். கர்ப்பவதிகளுக்கும் பாலூட்டும் தாய்மாருக்கும் சிறு பிள்ளைகளுக்கும் கொடுக்கக் கூடாது.

திட்டம் நல்லது, அது நழுவுவது இரண்டாம் வாரத்தில். வெறும் வயிற்றில் விழுங்கியவருக்கு நெஞ்செரிவும் சத்தியும் வரும், அதோடு விட்டுவிடுவார். சாப்பிட்ட பிறகு, ஒரு பெரிய குவளை தண்ணீரோடு, இருந்துகொண்டு விழுங்கி, அரை மணித்தியாலத்துக்குப் படுக்காமல் இருந்தால் பெரும்பாலும் தொந்தரவு இல்லை. பாலோடும் வாயுக் குளிசையோடும் எடுக்கக் கூடாது. காலபோக விதைப்புக்குக் கொடுத்ததோடு நிறுத்தாமல், அறுவடைக் காலத்தையும் கணக்கில் எடுக்க வேண்டும். கமக்கார அமைப்பின் கூட்டம்தான் இதற்குச் சரியான இடம். தண்ணீர் திறக்கும் திகதியைத் தீர்மானிக்கும் அதே கூட்டத்தில் குளிசை தொடங்கும் திகதியையும் தீர்மானித்துவிடலாம்.

மலேரியாவின் கதை வேறு. ஒரு காலத்தில் வன்னி என்றாலே குளிர்காய்ச்சல். உள்நாட்டிலேயே தொடர்ந்து பரவிவந்த மலேரியாவின் கடைசி நோயாளி 2012 ஒக்டோபரில் பதிவானார். 2016 செப்டெம்பரில் உலக சுகாதார அமைப்பு இலங்கையை மலேரியா அற்ற நாடாக அறிவித்தது. ஆனால் நுளம்பு போகவில்லை. நகர்ப்புறத்தில் மலேரியா பரப்பும் அனோபிலிஸ் ஸ்டீபன்சி என்ற புதிய இனம் மன்னாரில் கிணறுகளில் கண்டுபிடிக்கப்பட்டதாக 2017இல் பதிவானது. வெளிநாட்டிலிருந்து நோயோடு ஒருவர் வந்தால், கடத்துவதற்கு நுளம்பு இங்கே தயாராக இருக்கிறது. காய்ச்சலோடு வரும் எவரிடமும் “அண்மையில் இந்தியா, ஆபிரிக்கா எங்கேயும் போய் வந்தீர்களா?” என்று கேட்பதும், ஆம் என்றால் இரத்தப் பூச்சு எடுப்பதும் இப்போது முதல் தடுப்பு வேலி. மலேரியாவைக் கண்ணால் காணாத இளம் வைத்தியர்களுக்கு அந்தக் கேள்வி ஞாபகத்துக்கு வருவதில்லை. அதனால் அதை ஓ.பி.டி. மேசையில் எழுதியே ஒட்டிவைக்க வேண்டும்.

பாம்புக்கடி: ஒரு கண்ணாடிக் குழாயும் இருபது நிமிடமும்

வயல் அறுவடைக் காலத்தில் புடையன், இரவில் நிலத்தில் பாய் போட்டுப் படுப்பவருக்குக் கட்டுவிரியன். புடையன் கடித்தால் இரத்தம் உறையும் தன்மை போய்விடும். அதை அறியப் பெரிய ஆய்வுகூடம் தேவையில்லை. 2 மில்லிலீற்றர் இரத்தத்தைச் சுத்தமான, உலர்ந்த கண்ணாடிக் குழாயில் விட்டு, அசைக்காமல் 20 நிமிடம் வைத்துச் சரித்துப் பார்க்க வேண்டும். இரத்தம் தண்ணீராக வழிந்தால் விஷம் ஏறியிருக்கிறது. விஷமுறிவு மருந்து தொடங்கலாம். பிளாஸ்ரிக் குழாயில் செய்தால் முடிவு பிழையாகும். சவர்க்காரத்தூளில் கழுவி மறுபடி பாவித்த கண்ணாடிக் குழாயிலும் பிழையாகும். இரண்டிலும் உறைய வேண்டிய இரத்தம் உறையாமல் நிற்கலாம். முதல் சோதனை சரியென்றாலும் ஆறு மணித்தியாலத்துக்குப் பிறகு மறுபடி செய்ய வேண்டும்.

நாம் பாவிக்கும் மருந்து இந்தியத் தயாரிப்பு. நாகம், கட்டுவிரியன், புடையன், சுருட்டை விரியன் ஆகிய நான்குக்கும் உரியது. தூளாக வரும் ஒவ்வொரு குப்பியையும் 10 மில்லிலீற்றரில் கரைத்து, தேவையான அளவு குப்பிகளைச் சேர்த்து, சேலைனோடு ஒரு மணித்தியாலத்தில் ஏற்றுவார்கள். கடும் ஒவ்வாமை அடிக்கடி வரும். அதனால் முன்கூட்டியே 0.25 மில்லிகிராம் அட்ரினலினைத் தோலின் கீழ் போட்டுவிட்டுத் தொடங்குவது வழக்கம். சிறிய பிரதேச வைத்தியசாலையில் இதைத் தொடங்கப் பயந்து நோயாளியை மாவட்ட வைத்தியசாலைக்கு ஏற்றிவிடுவது உண்டு. அட்ரினலினும் ஒட்சிசனும் துணைக்கு ஒரு தாதியும் இருந்தால், தொடங்கிவிட்டு அனுப்புவதே மேல் என்பது எம் கருத்து. வன்னி வீதியில் போகும் ஒவ்வொரு மணித்தியாலத்திலும் சிறுநீரகம் பழுதாகிறது.

வீட்டில் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். கடிபட்ட கையை அல்லது காலை அசையவிடாமல் வைத்து, மோதிரம், வளையல், வெள்ளிக் கொலுசு கழற்றி, நேரே வைத்தியசாலை. இறுக்கிக் கட்டுவதும் கீறுவதும் கெடுதல். கட்டுவிரியன் கடித்த இடம் நோகாது, வீங்காது. விடியற்காலையில் வயிற்றுவலி, பிறகு கண்ணிமை தொங்கும். நிலத்தில் படுத்த ஒருவர் அப்படி எழுந்தால் கடித் தடத்தைத் தேடி நேரம் போக்காமல் வைத்தியசாலைக்கு ஏற்றுங்கள்.

வீதி, வண்டி, வெள்ளம்

பிரசவச் சிக்கலில் மூன்று தாமதங்கள் உயிரைப் பறிக்கும்: போவதா என்று வீட்டில் முடிவெடுக்கும் தாமதம், போய்ச்சேரும் தாமதம், போன பிறகு சிகிச்சை கிடைக்கும் தாமதம். வன்னியில் நடுவிலுள்ளது பெரியது. வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் இடையில் ஏ9 வீதியில் 75 கிலோமீற்றர். மாங்குளத்திலிருந்து முல்லைத்தீவுக்கு சுமார் 50. சிசேரியனுக்கு மகப்பேற்று நிபுணர், மயக்க மருந்து நிபுணர், இரத்தம் மூன்றும் ஒரே நேரத்தில் ஒரே கட்டடத்தில் வேண்டும். ஒருவர் லீவில் இருந்தாலும் முல்லைத்தீவிலிருந்து யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலைக்கு நூறு கிலோமீற்றருக்கு மேல் ஓட வேண்டும்.

1990 என்ற இலக்கத்துக்கு அழைத்தால் வரும் இலவச அம்புலன்ஸ் சேவை வடக்குக்கு 2018 ஜூலையில் வந்தது. அது பெரிய ஆறுதல். ஆனால் குடியேற்றத்தின் உள்வீதிக்கு வழி சொல்லத் தெரிய வேண்டும். கோயில், குளக்கட்டு, மதகு, பாடசாலை என்று அடையாளம் சொல்லி, ஒருவர் பிரதான வீதிச் சந்திக்கு வந்து விளக்கோடு நின்றால் பத்து, பதினைந்து நிமிடம் மிஞ்சும்.

மாரியில் வட்டுவாகல் பாலத்துக்கு மேலால் வெள்ளம் பாயும்போது, புதுக்குடியிருப்புப் பக்கத்திலிருந்து மாஞ்சோலையிலுள்ள மாவட்ட வைத்தியசாலைக்கு ஒட்டுசுட்டான் வழியாகச் சுற்ற வேண்டும். இதை ஒவ்வொரு ஆண்டும் புதிய செய்தியாகக் கேட்கக் கூடாது. கார்த்திகை, மார்கழியில் பிரசவத் திகதி உள்ள, வெள்ளம் மறிக்கும் ஊர்களின் தாய்மார் பட்டியலை ஐப்பசியிலேயே எடுத்து, திகதிக்கு முன்பே வைத்தியசாலையில் அனுமதிப்பதுதான் வழி. பட்டியல் எடுக்க உத்தியோகத்தர் இருக்கும் பிரிவுகளில் அது நடக்கிறது.

மாதக் கிளினிக்

சலரோகம், பிரஷர், இருதய நோய்க்கான மாதக் கிளினிக்குகளே இன்று வைத்தியசாலைகளின் பெரும் சுமை. மருந்து கொழும்பு மருத்துவ வழங்கல் பிரிவிலிருந்து மாவட்டத்தின் பிராந்திய மருந்துக் களஞ்சியத்துக்கு வந்து அங்கிருந்து பிரியும். வைத்தியசாலை முன்கூட்டியே எழுதும் ஆண்டு மதிப்பீட்டில் குறைந்தால் ஆண்டு முழுவதும் குறையும். 2022 நெருக்கடியில் துண்டு எழுதி வெளியே வாங்கச் சொன்னபோது, வாங்க முடியாதவர்கள் கிளினிக்குக்கே வராமல் விட்டார்கள். அவர்களில் சிலர் பிறகு பாரிசவாதத்தோடுதான் வந்தார்கள்.

வவுனியாவிலும் அதை அண்டிய பகுதிகளிலும் காரணம் தெளிவாகாத சிறுநீரக நோய் இதோடு சேர்கிறது. அது முற்றும்வரை நோவு காட்டாது. சீரம் கிரியற்றினினும் சிறுநீர் அல்புமினும் பார்த்தால்தான் தெரியும். கால்வலிக்கு என்று கடையில் வாங்கி மாதக்கணக்கில் விழுங்கும் நோக் குளிசைகள் இந்தச் சிறுநீரகத்தை இன்னும் விரைவாகக் கெடுக்கும். வயலிலிருந்து வருபவரிடம் கிளினிக்கில் அதைத் தவறாமல் கேட்க வேண்டும்.

எங்கே முதலில் கை வைப்பது

நெதர்லாந்து உதவியுடன் 2024இல் கிளிநொச்சியிலும் மாங்குளத்திலும் புதிய மருத்துவக் கட்டடங்கள் திறக்கப்பட்டன. வேண்டியவைதான். ஆனால் கட்டடத்துக்குக் கிடைக்கும் கவனத்தில் ஒரு பங்கு குடும்பநல உத்தியோகத்தரின் விடுதிக்குக் கிடைத்தால் வன்னியின் நிலை இன்னும் விரைவாக மாறும். பதினெட்டு மாதம் பயிற்சி பெற்று முதல் நியமனத்தில் வரும் இளம் பெண், ஊரில் தங்க இடமில்லாததால் நகரிலிருந்து பஸ்ஸில் வந்து போகிறார். முதல் பஸ் ஒன்பது மணிக்கு வரும், கடைசி பஸ் மூன்று மணிக்குப் போகும். இடைப்பட்ட நேரத்தில்தான் ஊருக்கு உத்தியோகத்தர். இடமாற்றத்துக்கு விண்ணப்பிக்கத் தகுதி வந்த நாளே விண்ணப்பிப்பார். அவரைக் குறைசொல்ல முடியாது.

கேட்பது பெரிதில்லை. கிளினிக் மண்டபத்தோடு ஒட்டிய இரண்டு அறை, பூட்டக்கூடிய படலை, சுற்றுவேலி, இரவில் எரியும் ஒரு விளக்கு, மோட்டார் சைக்கிள் விட ஒரு பத்தி, கழிப்பறை, ஆவணியில் கிணறு வற்றினாலும் தண்ணீர் நிற்கும் ஒரு தாங்கி. ஆளணிக் கணக்கில் தூரத்தையும் சேர்க்கும்படி மாகாணம் கொழும்பிடம் கேட்டுக்கொண்டே இருக்கட்டும். அது வருடங்கள் எடுக்கும். பூட்டிக் கிடக்கும் விடுதிகளின் பட்டியல் ஒவ்வொரு சுகாதார வைத்திய அதிகாரி பணிமனையிலும் இருக்கும். ஓட்டைத் திருத்தி, கிணற்றை இறைத்து, மின் இணைப்பை மீளக் கொடுப்பது அடுத்த மாரிக்கு முன் முடியக்கூடிய வேலை.